ஏழு நிமிட டேப்

என் வீட்டுக்காரிக்குத் தொண்டையில் ஆபரேஷன் ஆகி மூன்று வருடம் ஆகிறது. குரல்வளையை எடுத்துவிட்டு, மூச்சுவிடத் தொண்டையில் ஒரு ஓட்டை வைத்தார்கள். உயிர் தங்கியது. சத்தம் போய்விட்டது.

பேச்சுக்கு எங்களுக்குள் பெரிய கஷ்டமில்லை. இரண்டு பேரும் சோமனூர்ப் பக்கம் ஒரே தறிக்குடோனில் முப்பது வருடம் வேலை செய்தவர்கள். நான் தறி ஓட்டினேன். அவள் தார் சுற்றினாள், அதாவது குறுக்கு நூலைச் சின்னக் கட்டைகளில் ஏற்றிக் கொடுத்தாள். தறி ஓடும்போது யார் பேச்சும் காதில் விழாது. உதட்டைப் பார்த்தே பேசிக்கொள்வோம். இப்போதும் அவள் வாயசைத்தால் எனக்குப் புரியும்.

போன தை மாதம் ஒரு நாள், குழம்புக்கு உப்புப் போதுமா என்று கேட்டாள். உதடு தெரிந்தது. அவள் குரல் எனக்குள் வரவில்லை. எப்படி இருக்கும் என்று யோசித்துப் பார்த்தேன். வரவே இல்லை. அவளிடம் சொல்லவில்லை.

அப்போதுதான் ரேடியோக்காரர்கள் அவள் பேச்சைப் பதிந்த டேப் ஞாபகம் வந்தது.

எங்கள் பக்கத்துக்கு ஒரு சின்ன ரேடியோ நிலையம் இருந்தது. மீடியம் வேவ். காலையில் பக்திப் பாட்டு, செய்தி, விவசாயிகளுக்கு அரைமணி. மத்தியானம் பெண்களுக்கு. சாயங்காலம் தொழிலாளர் நிகழ்ச்சி, அப்புறம் நேயர்கள் கேட்ட பாட்டு. குடோன் சன்னலில் பேட்டரி ரேடியோ எப்போதும் பாடும். மோட்டார் ஓடினால் அதில் கர்ரென்ற இரைச்சல்தான். ஆனாலும் அணைக்க மாட்டோம். கரண்ட் போனால் தறி நிற்கும். பாட்டு பாதியிலிருந்து கேட்கும். நான் முழுசாகக் கேட்ட பாட்டு குறைவு.

ஒருமுறை நிலையத்து அதிகாரி பெரிய டேப் பெட்டியோடு வந்தார். முதலாளி தறியெல்லாம் நிறுத்தச் சொன்னார். அதிகாரி இவள் முன்னால் மைக்கை நீட்டி வேலையைப் பற்றிக் கேட்டார். இவள் கத்தினாள்.

"அம்மிணி, மைக்கு கிட்டத்தான இருக்குது. சித்த மெதுவாப் பேசுங்க."

"மெதுவாத்தானுங்க பேசறேன்!" அதைவிடக் கத்தினாள்.

குடோனே சிரித்தது. ஏழு நிமிடம் பேசினாள்.

ஒலிபரப்பிய சாயங்காலம் இரண்டு பேருக்கும் ஷிப்டு. பத்து நிமிடம் தறியை நிறுத்தலாமா என்று முதலாளியிடம் கேட்டேன்.

"அன்னிக்கு நிறுத்துனது பத்தாதா? உன்ற பொண்டாட்டி பேசறத ஊட்டுல போய்க் கேட்டுக்க."

ரேடியோவைக் காதோடு வைத்துக்கொண்டேன். இரைச்சல். நடுவில் எங்கோ ஒரு பொம்பளை கத்துவது போல இருந்தது. அவ்வளவுதான். மறுபடி போடுவார்கள், அப்போது கேட்டுக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டேன். ரேடியோ எங்கே போய்விடும்.

பிறகு உள்ளூர் நிகழ்ச்சிகள் ஒவ்வொன்றாகக் குறைந்தன. முதலில் போனது தொழிலாளர் நிகழ்ச்சி. அந்த நேரத்துக்குச் சென்னையிலிருந்து வருவதை வாங்கிப் போட்டார்கள். கடைசியில் மீடியம் வேவையே நிறுத்திவிட்டார்கள். எங்கள் ரேடியோவில் முள்ளை எங்கே திருப்பினாலும் இப்போது காற்றுச் சத்தம்தான்.

டேப்பைக் கேட்கப் பஸ் ஏறி நிலையத்துக்குப் போனேன். உயரமான கம்பம் அப்படியே நிற்கிறது. அடியில் ஆடு மேய்கிறது. உள்ளே தலை நரைத்த ஒரு அலுவலர் இருந்தார். விஷயத்தைச் சொன்னேன். உட்காரவைத்துத் தண்ணீர் கொடுத்தார். பீரோவிலிருந்து பழைய நோட்டுகளை இறக்கி அரைமணி நேரம் தேடினார்.

"இருக்குதுங்க. இங்க பாருங்க."

நான் மூன்றாவதோடு நின்றவன். எழுத்துக் கூட்டிப் படித்தேன். தொழிலாளர் பேட்டி. அவள் பெயர். ஏழு நிமிடம். பக்கத்தில் டேப் நம்பர்.

"டேப்புங்க?"

"அது இல்லீங்க. அப்ப டேப்புக்குத் தட்டுப்பாடு. ஒலிபரப்பு முடிஞ்சா அழிச்சுப்போட்டு அதுமேலயே வேற பதிவோம். பெரிய மனுசங்க பேசுனத மட்டும் எடுத்து வச்சோம்."

"அவ பேசுனதுமேல என்ன பதிஞ்சீங்க?"

அவர் அதே நம்பரைத் தேடிப் பக்கங்களைத் திருப்பினார்.

"தக்காளிச் செடிக்கு மருந்தடிக்கற விவரமுங்க." அடுத்த பக்கத்தையும் பார்த்தார். "அதையும் அழிச்சாச்சுங்க."

"வேற வழி ஏதாச்சும்..."

"இருந்தாச் செய்ய மாட்டனுங்களா?"

அவரைச் சொல்லிக் குற்றமில்லை. அந்தப் பெயரின்மேல் இன்னொரு தரம் விரலை வைத்துவிட்டு எழுந்து வந்தேன்.

வீட்டு வாசலில் நின்றிருந்தாள். எங்க போனீங்க என்று வாயசைத்தாள். சொன்னேன். டேப் இல்லை என்றதையும் சொன்னேன்.

'அது எதுக்குங்க இப்ப?'

"சும்மாத்தான்."

என் முகத்தையே பார்த்தாள். வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன். திரும்பினால் அவள் பேசுவது தெரியாது. தோளைத் தொட்டுத் திருப்பினாள்.

'அதுமேல என்ன பதிஞ்சாங்களாமா?'

தக்காளிக்கு மருந்து என்றேன்.

தோள் குலுங்கச் சிரித்தாள். தொண்டை ஓட்டையில் காற்று மட்டும் வந்தது. கையால் அதைப் பொத்திக்கொண்டு கேட்டாள்.

'தக்காளிக்காரனாச்சும் மெதுவாப் பேசுனானாமா?'

கத்தித்தான் கேட்டிருப்பாள். அது எனக்குத் தெரியும். உதடு ஒரு எழுத்து விடாமல் புரிந்தது. கண்ணை மூடிப் பார்த்தேன். ஒன்றும் கேட்கவில்லை.