மூன்று நிமிடம் பதினெட்டு விநாடி

"ஞாயிறு. காலை 10.20. அப்பா பேசினார். 3 நிமிடம் 18 விநாடி."

1986 கோடை விடுமுறையில் என் நாலாம் வகுப்பு ரஃப் நோட்டின் கடைசிப் பக்கத்தில் நான் எழுதி வைத்தது. நேரத்தில் பிழை இருக்காது. எழுதாமல் விட்டதுதான் பிழை.

அம்மாவின் தம்பி சேலத்திலிருந்து ஒரு சின்ன கேமராவோடு ஓசூருக்கு வந்திருந்தார். வீட்டில் ஒவ்வொருவரும் தாம் எங்கிருந்து வந்தோம் என்று கேமராவைப் பார்த்துச் சொல்ல வேண்டும். அது முகத்தைப் பதியும், பேச்சைப் பதியாது. பரிசோதனைப் படம் என்றார் மாமா.

"காதே இல்லாத பொட்டிகிட்ட எதுக்குடா கத சொல்லணும்?" என்று அம்மா சிரித்தாள். பிறகு மாமாவைச் சமையலறைக்குள் இழுத்து, "அவர மட்டும் எப்படியாவது பேச வெச்சிடுடா" என்றாள்.

அப்பா எந்த ஊர், யார் பிள்ளை என்பது அவளுக்கே தெரியாது. பத்து வயதில் கர்நாடகத்திலிருந்து தனியாக வந்தவர் என்பதோடு சரி. கல்யாணத்தில் மாப்பிள்ளை வீட்டாராக உட்கார்ந்தவர் அப்பா வேலை பார்த்த தொழிற்சாலையின் ஃபோர்மேன்.

"நெசமாவே சத்தம் பதியாதா?" என்று அப்பா இரண்டு முறை கேட்டார்.

"பதியாது மச்சான்."

குவார்ட்டர்ஸின் பின்பக்கம் புங்கமரத்தடியில் நாற்காலி போட்டோம். அப்பா அம்மாவை உள்ளே போகச் சொன்னார். நானும் எழுந்தேன். என் கையைப் பிடித்து நிறுத்தி, தன் வாட்ச்சைக் கழற்றிக் கொடுத்தார்.

"நீ இரு கண்ணு. முள்ளயே பாத்துக்கினு இரு. எவ்ளோ நேரம் ஆச்சுன்னு சொல்லு."

அப்பா தெலுங்கில் பேசினார். வீட்டில் அவர் அந்த மொழியைப் பேசி நான் கேட்டதில்லை. மாமாவுக்குத் தெலுங்கு தெரியாது. எனக்குத் தெரியும்; தெருவில் பாதி விளையாட்டு அதில்தான். ஆனால் நான் விநாடி முள்ளை விடாமல் எண்ணிக்கொண்டிருந்தேன். நடுவில் ஒருமுறை அவர் குரல் நின்று, மறுபடி தொடங்கியது. அது 1 நிமிடம் 40 விநாடியில்.

ஃபிலிம் சுருள் பம்பாய்க்குப் போய்க் கழுவி வர இரண்டு மாதம். சுவரில் கட்டிய படுக்கை விரிப்பில் அப்பாவின் உதடுகள் அசைந்தன. அதைப் பார்த்து அம்மாவின் உதடுகளும் அசைந்தன. சட்டென்று என் பக்கம் திரும்பினாள்.

"நீ பக்கத்துலயேதான இருந்த? அப்பா என்னடி சொன்னாரு?"

"மூணு நிமிஷம் பதினெட்டு செகண்டு!" என்றேன் பெருமையாக.

மாமா சிரித்தார். அப்பா அவரைவிட அதிகமாகச் சிரித்தார். அம்மா மட்டும், "இன்னொருக்கா ஓட்டுடா" என்றாள்.

அப்பாவின் காலத்துக்குப் பிறகு, தெலுங்கு உதட்டசைவைப் படிக்கத் தெரிந்த இருவருக்கு அந்தச் சுருளைக் காட்டினேன். 1.40-க்குப் பின் அவர் சொல்வது ஓர் ஊரின் பெயர் என்றார் ஒருவர். யாரையோ கூப்பிடுகிறார் என்றார் மற்றவர். இரண்டும் ஊகம்தான்.

சரிபார்க்க முடியாதது இன்னொன்றும் உண்டு. அன்று மாமாவின் கையிலும் வாட்ச் இருந்தது. தான் பேசுவதை நான் கேட்டுவிடக் கூடாது என்று அப்பா தன்னுடையதைக் கழற்றிக் கொடுத்தாரா, ஒருத்தியாவது கேட்கட்டும் என்று என்னை அருகில் இருத்திக்கொண்டாரா என்பது இன்றுவரை உறுதிப்படவில்லை.