கழட்டி வச்ச பூட்சு

உப்பளத்துல வேலை செய்யுத பொம்பளைக்குக் காலுதான் எல்லாம். விரலிடுக்குல உப்புத்தண்ணி புண்ணு வச்சிட்டா ராவெல்லாம் தூக்கம் வராது. அதுக்காகத்தான் வேலையை நிப்பாட்டி, பட்டினி கெடந்து, முதலாளிகிட்ட ரப்பர் பூட்சு வாங்குனோம். முத்தையாபுரத்துப் பக்கம் வேற எந்த அளத்துலயும் அது கெடையாது. அதைப் போட்டுட்டு நாங்க நடந்த நடை இருக்கே, போலீஸ்காரன் தோத்தான் போங்க!

புதுத் துறைமுகத்துக்குக் கப்பல் வர ஆரம்பிச்ச சமயம். மாதா கோயில் சாமியார் ஒரு பிலிப்பைன்ஸ்காரரைக் கூட்டிட்டு வந்தாரு. படம் எடுக்கவராம். ஆட்டம் பாட்டு இல்லாத படம். அவரு நாட்டுல கரும்பு வெட்டுத கூலியாளுகளை எடுத்ததுக்கு, சர்க்கார் படத்தையும் பறிச்சு ஆளையும் ஜெயில்ல போட்டுச்சாம். வெளிய வந்தும் மனுசன் அடங்கல, எங்களைமாதிரி ஆளுகளைத் தேடித் தேடி எடுக்காராம். கேக்கக் கேக்க எனக்குக் கண்ணு கலங்கிட்டு.

மறுநாள் காமிராவைத் தூக்கினவரு எங்க காலைப் பாத்ததும் மொகம் சுண்டிப் போனாரு. சாமியார் காதுல ஏதோ சொன்னாரு.

"பூட்சைக் கழட்டணுமாம்மா," சாமியார் இழுத்தாரு. "மத்த அளத்துல எல்லாரும் வெறுங்காலுதானே. அந்தக் கஷ்டம் உலகத்துக்குத் தெரியணும்லா."

"ஏளா, கழட்டாத. பாடுபட்டு வாங்குனது," ன்னா என் மதினி.

"நம்மளமாதிரி ஆளுகளுக்காக ஜெயிலுக்குப் போன மனுசன் கேக்காரு. சும்மா இரி," ன்னேன் நான்.

பூட்சையெல்லாம் உப்பு அம்பாரத்துக்குப் பின்னால மறைச்சு வச்சோம். உச்சி வெயில்ல உப்பு அள்ளுன ஓலைப்பெட்டியைச் சொமந்துட்டுத் திரும்பத் திரும்ப நடந்தோம். அவரு பாத்தியிலேயே முட்டி போட்டு என் காலைப் படம் பிடிச்சாரு. நெசமாவே அழுதாரு.

படம் வெளிநாட்டுல பேரு வாங்கிட்டுன்னாக. சாமியார் அதைக் கோயில் முத்தத்துல திரை கட்டிப் போட்டுக் காட்டுனாரு. முன்வரிசை நாற்காலியில முதலாளி. திரை நெறைய என் காலு வந்துது. சனம் உச்சுக் கொட்டுச்சு. வெக்கங்கெட்ட முதலாளியும் சேந்து உச்சுக் கொட்டுனாரு!

அடுத்த வருசம் பூட்சு கிழிஞ்சுட்டு. புதுசு கேட்டுப் போனோம்.

"எதுக்கு?" ன்னாரு முதலாளி. "படத்துல வெறுங்காலோட நல்லாத்தானே நடந்தீக? நான் குடுத்ததை நீங்களே கழட்டிப் போட்டீக. ஊரே பாத்துட்டு. இனி கெடையாது, போங்க."

கிழிஞ்ச பூட்சைத் தூக்கிட்டு வெளிய வந்தோம். மதினி என்னைத் திரும்பிக்கூடப் பாக்கல.

படம் எடுத்தவரு அதுக்குள்ள வேற நாட்டுக்கு வேற படம் எடுக்கப் போயிட்டாரு. கெட்டவனா இருந்தா மண்ணை வாரித் தூத்திருப்பேன். நல்ல மனுசன், அதான் வயிறு எரியுது. அன்னைக்கு அந்தப் படத்துல காட்டுனது பொய்யி. மழை வருததுக்குள்ள என் ரெண்டு காலும் புண்ணாகி அதை நெசமாக்கிட்டு.