ஏறி இறங்கும் தெய்வமும் இராசாத்தியின் தயிர்ச்சட்டியும்

மட்டக்களப்புக் கிரானில் இராசாத்தி ‘சீ’ என்றால் எருமைகூட வாயிலிருக்கிற புல்லைத் துப்பிவிடும். எட்டு எருமை, நாற்பது தயிர்ச்சட்டி, ஒரு புருசன். இவற்றில் கழுவிச் சுத்தமாக்க முடியாதது கடைசிதான் என்பாள்.

புருசன் பேர் கோணாமலை; அம்மன் கோயிலில் தெய்வம் ஏறி ஆடுகிறவன். சடங்கு வந்தால் ஏழு நாளும் மீன் இல்லை, சாராயம் இல்லை, பாய்கூடத் தனி. ஊரே அவன் காலில் விழும். எட்டாம் நாள் அதே கால் சாராயத் தவறணையில் நிற்கும். அங்கிருந்து வந்தால் இவள் முதுகில் நிற்கும்.

வேதாகமத்தை மட்டக்களப்புப் பேச்சில் எழுதிக்கொண்டிருந்த சுபாகரன், அவளிடம்தான் வந்து சேர்ந்தான். வேதமே அறியாத ஒருவருக்கு வாசித்துக் காட்டி, அவர் தன் வாயால் திருப்பிச் சொன்ன பிறகுதான் எந்த வசனமும் அச்சுக்குப் போகும். பேதுருவின் கடிதத்தில், மனிதர் கடவுளின் தன்மையில் பங்கு பெறுவார்கள் என்று ஓரிடம். ‘திவ்விய சுபாவம்’ என்றால் வயல் வட்டையில் நிற்கிறவனுக்கு விளங்காதென்று சுபாகரன் இலகுவாக்கியிருந்தான்: “தெய்வம் உங்களில ஏறும்.”

“என்ன விளங்குது அக்கா?”

“நல்லா விளங்குது மனே. எட்டாம் நாள் இறங்கும்.”

பேனை நின்றுவிட்டது.

“ஏறினது இறங்கும். இறங்கினா ஆள் பழைய நாத்தம்தான். என்ட வீட்டில ஒண்டு கிடக்கு, வந்து மணந்து பாருங்க. அம்மனில பிழை இல்ல, பாத்திரம்தான் ஊத்தை. இத அச்சடிச்சா அந்த மனிசன் புத்தகத்தத் தூக்கிக்கொண்டு வருவான், ‘பாரடி, வேதக்காரர்ர புத்தகத்திலயும் நான்தான் சாமி’ எண்டு. பிறகு உதை வாங்குறது நீங்களா, நானா? சீ! நான் சரியெண்டு சொல்லமாட்டன்.”

“அச்சுக்கு நாள் குறிச்சாச்சு அக்கா...”

இராசாத்தி விற்க வைத்திருந்த தயிர்ச்சட்டியொன்றைத் திறந்தாள். “பாலுக்க உறை விட்டா, பாலே மாறிப்போயிரும். எத்தினை சடங்கு போனாலும் திரும்பப் பாலாகாது. உங்கட ஆண்டவர்ர குணம் இப்பிடியா, இல்ல ஏழு நாளைக்கா?”

சுபாகரன் வெட்டி எழுதினான்: ‘பாலுக்குள் உறைபோல, கடவுளின் குணம் உங்களுக்குள் நின்று உங்களை மாற்றும்.’

“ஓம், இப்ப சரி” என்றாள்.

அடுத்த சடங்கின் எட்டாம் நாள், வாசலைப் பிடித்தபடி நின்றான் கோணாமலை. “புத்தகம் வந்திட்டாமே. என்னப் பத்தி இருக்கா?”

“தேடிப் பாத்திட்டன். இல்ல.”

இராசாத்தி அவன் பாயை எருமைப்பட்டிக்குள் எறிந்து, வீட்டுக் கதவைக் கொண்டி போட்டாள். விடியப் பார்த்தால் பட்டிக்குள் அவன் மட்டும் நாறிக் கிடந்தான்; எட்டு எருமையும் வேலியைப் பிரித்துக்கொண்டு றோட்டில் நின்றன.