முகத்தை விட்டு விலகிய கமரா

ஸ்பானிய மொழியில் எனக்கு இன்றுவரை முப்பது சொற்களுக்கு மேல் தெரியாது. ஆயினும் அம்மொழியில் ஒருவர் பாடும்போது எந்த இடத்தில் மூச்சு வாங்குவார் என்பதைத் திரையில் அவருடைய தோள்களைப் பார்த்தே சொல்லிவிடுவேன். இந்த அறிவு பள்ளியிலோ புத்தகத்திலோ கிடைத்ததன்று. ஸ்காபரோவில் ஒரு பலசரக்குக் கடையின் மாடியில் இருந்த என் சிறிய படத்தொகுப்பு அறையில், பல குளிர்காலக் காலைகளில், கொலம்பிய நாட்டுப் பெண்மணி ஒருவரின் பக்கத்தில் அமர்ந்திருந்து பெற்றுக்கொண்டது.

மாடிப்படி ஏறும்போதே கீழ்க்கடையின் கருவாட்டு வாசமும் கூட ஏறிவரும். வெப்பமூட்டி அறையின் ஒரு மூலையை மட்டுமே சூடாக்கும். ஆகையால் இருவரும் அந்த மூலையிலேயே ஒரு மேசையில் ஒடுங்கியிருப்போம். நகரத்தில் ஸ்பானிய மொழியில் பாடும் குழுக்களின் நிகழ்ச்சிகளைப் படமாக்குவதும், அக்கலைஞர்களைப் பற்றி ஆவணப்படம் எடுப்பதும் அவருடைய தொழில். நானோ கலியாண வீடியோக்காரன். சனி ஞாயிறுகளில் நம்மவர் வீட்டு விசேடங்களைப் படம்பிடிப்பேன். வார நாட்களில் அவற்றைத் தொகுப்பேன். ஒருநாள் அவருடைய உதவியாளர் வராமற்போகவே, மூன்று கமராக்களில் பதிவானவற்றை ஒரே ஒலியோடு பொருத்தித்தர முடியுமா என்று என் அறைக்கு வந்து கேட்டார். ஒரு காலைப்பொழுதுக்கு என்று தொடங்கிய அந்த உதவி ஆறு ஆண்டுகள் நீடித்தது.

எங்களுக்குப் பொதுவான மொழி ஆங்கிலம். இருவர் வாயிலும் அது சற்று நொண்டியே நடந்தது. கலியாண வீடியோவில் நான் மேளத்தின் அடிக்கு அடி காட்சியை வெட்டி மாற்றிப் பழகியவன்: கெட்டிமேளம் எழுந்ததும் தாலி, அடுத்த அடிக்கு மணமகளின் முகம், அதற்கடுத்த அடிக்கு அறுகரிசி தூவி வாழ்த்தும் கைகள். அதே முறையில் அவருடைய பாடல் ஒன்றையும் தொகுத்துக் காட்டினேன். அவர் பொறுமையாக முழுவதையும் பார்த்தார்.

“நன்றாயிருக்கிறது. சவர்க்கார விளம்பரம் போல இருக்கிறது” என்றார்.

எனக்கு முகம் சுருங்கிவிட்டது. அவர் சிரித்துக்கொண்டே விளக்கினார். தாளத்தில் வெட்டினால் கண் தாளத்தைத்தான் பார்க்குமாம். பாடுகிற மனிதரைப் பார்க்காதாம். “அவர் மூச்சு வாங்கும்வரை காத்திருங்கள். மூச்சு உள்ளே போகும்போது வெட்டுங்கள்.”

அப்படித்தான் தோள்களைப் பார்க்கக் கற்றேன். வேறு சிலவும் கற்றேன். அந்தப் பாடல்களில் ஓர் அடி பாடகருக்கு உரியதென்றால் மறுமொழி மண்டபத்துக்கு உரியது. ஆதலால் சனங்களை நோக்கியும் ஓர் ஒலிவாங்கியைத் தொங்கவிட வேண்டும். அந்த ஒலி இல்லாத படம் கண்ணாடிப் போத்தலுக்குள் பாடுவது போலக் கேட்கும். கைதட்டலை நடுவில் வெட்டவே கூடாது. இவற்றையெல்லாம் வீட்டுக்குக் கொண்டுபோய், இராச் சாப்பாட்டுக்கு முன் தொலைக்காட்சியில் அவருடைய பழைய படங்களைப் போட்டுப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

“இஞ்சரப்பா, என்ன விளங்குதெண்டு உதையே பாத்துக்கொண்டிருக்கிறியள்?” என்று மனைவி கேட்பார்.

“பாஷை விளங்கேல்லை. மூச்சு விளங்குது.”

“ஓம், ஓம். குசினிக்குள்ளை நிண்டு நான் கத்துறது மட்டும் விளங்காது.”

ஆறாவது ஆண்டின் முற்பகுதியில், ஒரு காலை, அந்த அம்மையார் கணினியைத் திறக்காமலே அமர்ந்திருந்தார். அவருடைய தந்தையாரை நான் அறிவேன். பகலில் வீடுகளுக்கு வர்ணம் பூசி, ஞாயிற்றுக்கிழமைகளில் நகரின் மேற்குப்புறத்துத் தேவாலய மண்டபங்களில் கிற்றாரோடு பாடிய மனிதர். பாடல்கள் யாவும் அவரே கட்டியவை. ஒன்றையும் எழுதி வைத்தாரில்லை.

“அப்பாவுக்குப் பாட்டுகள் மறந்துபோகத் தொடங்கிவிட்டன. வைத்தியரும் அதைத்தான் சொல்கிறார். எல்லாம் போவதற்குள் ஒரு நிகழ்ச்சி வைத்துப் படமாக்கப் போகிறேன்” என்றார்.

மூன்று கமராக்கள் என்று முடிவாயிற்று. ஒன்று மண்டபத்தின் பின்புறத்தில், மேடை முழுவதும் தெரியும்படி அசையாமல் நிற்கும். இரண்டாவது கிற்றார் மீது ஓடும் விரல்களுக்கு. அதை என் கலியாண வேலைக் கூட்டாளியிடம் கொடுத்தோம். அவர் என்னிலும் பத்து வயது இளையவர், என்னை அண்ணை என்பார். மூன்றாவது முகத்துக்கு.

“முகம் உங்களுடையது. என்ன நடந்தாலும் முகத்தை விட்டுப் போகக்கூடாது” என்று அந்த அம்மையார் என்னிடம் சொன்னார்.

போகமாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

இளவேனிலில் ஒரு ஞாயிறு பிற்பகல். மண்டபம் நிறைந்திருந்தது. பெரியவர் வெள்ளைச் சட்டையின் கழுத்துப் பொத்தான்வரை பூட்டிக்கொண்டு மேடையேறினார். பதினொரு பாடல்களைப் பிசகின்றிப் பாடினார். ஒவ்வொரு மூச்சையும் நான் கமராவுக்குள்ளிருந்து வாங்கினேன் என்றே சொல்லலாம். கடைசிப் பாடல் அவருடைய ஊர் ஆற்றைப் பற்றியது. இரண்டாம் அடியில் வாய் திறந்தது, சொல் வரவில்லை. விரல்கள் மட்டும் ஓடிக்கொண்டிருந்தன. உதடுகள் எதையோ தேடின. பின்பு கண்கள் மேடையோரத்தில் நின்ற மகளைத் தேடிப்போய், அங்கேயே நிறைந்தன.

இவ்விடத்தில் என் தொழிலின் பழக்கம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். இந்த வேலைக்கு வந்த புதிதில், ஒரு கலியாணத்தில், கன்னிகாதானம் செய்துகொடுக்கையில் உடைந்து அழுத தகப்பனாரை மிக நெருக்கமாகப் படம்பிடித்திருந்தேன். நல்ல வேலை செய்தேன் என்றே எண்ணியிருந்தேன். அவருடைய தமையனார் வீடியோவோடு திரும்பி வந்தார். “அந்தாள் அழுததை ஊரெல்லாம் இருந்து பாக்கவேணுமோ? உதை வெட்டுங்கோ. சபையிலை இருந்த எங்கட சனத்தைக் காட்டுங்கோ” என்றார். அன்றிலிருந்து, ஒரு மனிதர் சபையில் கலங்கினால் கமரா அவரை விட்டுச் சபைக்குத் திரும்பிவிடும். வந்தவர்களில் ஒருவர் முகம் தப்பினாலும் தொலைபேசி வரும் ஊர் இது. ஆகவே அந்நேரத்தில் மேசை மேசையாக முகங்களைப் பிடித்துக்கொள்வேன். இருபது ஆண்டுகளில் இது கைக்குரிய பழக்கமாகிவிட்டது. யோசனைக்கு அங்கே இடமில்லை.

என் கை திரும்பியது.

மூன்றாம் வரிசையில் ஓர் அம்மா எழுந்து, மறந்துபோன அந்த அடியைத் தனிக்குரலில் பாடினார். அடுத்த அடிக்கு அவரோடு இருபது பேர். அதற்கடுத்ததற்கு மண்டபம் முழுவதும் எழுந்து நின்று பாடியது. நான் முகம் முகமாகப் போனேன். அதற்கிடையில் பெரியவரின் குரல் திரும்பிவந்து, கடைசி அடிகளை அவரே பாடி முடித்தார். அது என் காதில் விழுந்தது, கண்ணில் விழவில்லை. நான் மேடைக்குத் திரும்பியபோது அவர் முதுகைக் காட்டி நின்று கிற்றாரை மகளிடம் கொடுத்துக்கொண்டிருந்தார். பின்புறத்துக் கமராவிலோ, எழுந்து நின்ற சனங்களின் தலைகள்தான் இருந்தன.

வயர்களைச் சுருட்டும்போது கூட்டாளி கேட்டார்: “அண்ணை, கடைசிப் பாட்டுக்கு முகம் உங்களிட்டை இருக்குத்தானே?”

“இல்லை.”

“என்ன இல்லை? என்னட்டை விரல் மட்டும்தான் கிடக்கு. நீங்கள் எங்கை திருப்பினனீங்கள்?”

“சனத்துக்கு.”

“கடவுளே! இதென்ன கலியாண வீடோ, ஒரு மேசையும் விடாமல் எடுக்க?”

மறுநாள் காலை அந்த அம்மையார் பதிவை மூன்று முறை பார்த்தார். நான் கன்னிகாதானக் கதையைச் சொன்னேன். அது என் காதுக்கே நொண்டிச்சாட்டாகக் கேட்டது.

“நீங்கள் அவருக்கு மரியாதை செய்தீர்கள். விளங்குகிறது” என்றார் அவர். “நான் உங்களிடம் மரியாதை கேட்கவில்லை. அப்பாவைத்தான் கேட்டேன்.”

இரண்டு வாரங்கள் அவர் வரவில்லை. நான் பதினொரு பாடல்களையும் தனியே பொருத்தி முடித்தேன். பன்னிரண்டாவதைத் தொடவில்லை. இனி அவர் தம் கருவிப் பெட்டிகளை எடுத்துப்போகத்தான் வருவார் என்று நினைத்திருந்தேன். ஆனால் தந்தையாரை அழைத்துக்கொண்டு வந்தார்.

பெரியவரைச் சூடான மூலையில் அமர்த்தினோம். கருவாட்டு வாசத்தை மூக்கை உயர்த்தி இழுத்துவிட்டு, தலையசைத்து ஏதோ சொன்னார். “இன்றைக்கு மீன் சாப்பாடா என்று கேட்கிறார்” என்றார் மகள். பாடல்களை அவர் மரியாதையோடு பார்த்தார், வேறு யாரோ பாடுவதைப் பார்ப்பது போல. நிகழ்ச்சி அவர் நினைவில் இல்லை. கடைசிப் பாடல் வந்தது. கமரா ஆடிக் குலைந்து சனங்களிடம் போனதும் அவர் முன்னே சாய்ந்தார். மேடை விளக்குகள் கண்ணில் அடித்ததால் அன்று அவர் அந்த முகங்களைக் கண்டேயிருக்கவில்லை. விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டார். மகள் எனக்கு மெல்ல மொழிபெயர்த்தார்: இவன் என்னோடு வர்ணம் பூசியவன், இவளுடைய கலியாணத்தில் நான் பாடினேன், இவன் இன்னும் உயிரோடிருக்கிறானா! பின்பு, திரையிலிருந்த சனங்களோடு சேர்ந்து, அந்தப் பாட்டை ஓர் அடியும் பிசகாமல் பாடினார்.

மகள் திரையைப் பார்க்கவில்லை, அவரையே பார்த்திருந்தார். மகளின் கமராப் பை என் காலடியில் இருந்தது. அதை நோக்கிக் கண்ணைக் காட்டினேன். அவர் வேண்டாம் என்று தலையசைத்தார்.

தந்தையாரைக் காரில் இருத்திவிட்டு மீண்டும் படியேறி வந்தார். என் கமரா திரும்பிய இடத்தை நிறுத்தி, ஒவ்வொரு படச்சட்டமாக நகர்த்தினார். முகம் திரையின் ஓரத்துக்கு நழுவி மறைவதற்குள் பதினொரு சட்டங்கள் இருந்தன. அரை விநாடிக்கும் குறைவு. எந்தத் தொகுப்பாளரும் வெட்டி எறியும் ஆட்டம் அது.

“இதை விட்டுவிடுங்கள்” என்றார்.

“படம் கலங்கிப்போய் இருக்கிறதே. பார்ப்பவர்கள் பிழை என்பார்கள்.”

“பிழைதான். ஆனால் அவர் அதில் இருக்கிறார்.”

அந்த அறை இப்போது கணிதம் சொல்லிக்கொடுக்கும் இடம். நான் பிக்கரிங்கில் மகனோடு இருக்கிறேன். கமராவைத் தொட்டு நாளாயிற்று. கருவாடு பொரிக்கும் வாசம் வந்தால் இன்றும் என் காது கிற்றாரைத் தேடும். பெரியவர் இப்போது பாடுவதில்லை. மகளை மட்டும் சில நாட்களில் அடையாளம் காண்கிறாராம்.

படத்தை முதன்முதலில் காட்டியது அதே மண்டபத்தில். முன்வரிசையில் பெரியவர், பக்கத்தில் மகள். பின்னால் நானும் என் கூட்டாளியும். கடைசிப் பாடலில் திரை ஆடியபோது நான் தலையைக் குனிந்துகொண்டேன். கூட்டாளி என் தோளை இடித்தார்.

“அண்ணை, உந்த ஆட்டத்தை ஏன் வெட்டேல்லை? சனம் எங்கட வேலையெண்டெல்லோ நினைக்கப்போகுது!”

“எங்கட வேலைதான்” என்றேன்.