அண்ணியின் அரைக் கேன்

அண்ணன் வீட்டுக் குளியலறை மூலையில், ஈரச் சாக்கு சுற்றிய இரண்டு வெள்ளைக் கேன்கள் இன்று காலையும் அக்கம்பக்கமாக உட்கார்ந்திருந்தன. ஒன்றில் அண்ணன் பெயர், இன்னொன்றில் அண்ணி பெயர், பிளாஸ்திரியில் பேனாவால் எழுதி ஒட்டியது. கிட்னி மாற்றிய பிறகு வருஷத்துக்கு ஒரு தரம் இரண்டு பேரும் ஒரு முழுநாள் சிறுநீரைப் பிடித்துப் பரிசோதனைக்குக் கொடுக்கிறார்கள். கொடுத்தவர் அண்ணி, வாங்கிக்கொண்டவர் அண்ணன். யோசித்துப் பாருங்கள், இரண்டு கேனிலும் இருப்பது அண்ணியின் கிட்னி பிரித்ததுதான். ஒன்று அவர் வயிற்றிலிருந்து, மற்றது என் அண்ணன் வயிற்றிலிருந்து. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு எரிகிறது. பொய் சொல்லி என்ன ஆகப்போகிறது?

அப்பா போன பிறகு என்னை வளர்த்தவர் அண்ணன். விருத்தாசலத்துப் பீங்கான் கம்பெனியில் களிமண் குழம்பை அச்சில் ஊற்றுகிற வேலை. சாயங்காலம் முழங்கை வரைக்கும் வெள்ளை பூத்துப்போய் வருவார். நான்தான் சொம்பில் தண்ணீர் மொண்டு ஊற்றுவேன், அவர் தேய்த்துக் கழுவுவார். அண்ணி வந்த மறுநாள் அந்தச் சொம்பு அவர் கைக்குப் போயிற்று. ஒரு சொம்புக்காகவா என்று கேட்பீர்கள். ஆமாம், ஒரு சொம்புக்காகத்தான். அப்புறம் நான் கல்யாணமாகி வேப்பூருக்குப் போனேன், இரண்டு பிள்ளைகள் பெற்றேன், சொம்பை மறக்கவில்லை. அண்ணன் அண்ணிக்குப் பிள்ளை இல்லை. அதனால் அவருக்கு எல்லாமே அண்ணன்தான் என்று ஊரே சொல்லும். அதைக் கேட்டாலும் எனக்குப் பொறுக்காது.

அண்ணனுக்கு இரண்டு கிட்னியும் போய்விட்டது என்று தெரிந்தபோது, நான் தருகிறேன் என்று முதலில் சொன்னது நான். அண்ணியும் அதையே சொன்னார். இரண்டு பேர் ரத்த வகையும் சேர்ந்தது. பாண்டிச்சேரி டாக்டர் இரண்டு பேரையும் ஒரு முழுநாள் சிறுநீர் பிடித்துவரச் சொன்னார். காலையில் எழுந்ததும் முதலில் போவதைக் கொட்டிவிட வேண்டும். அதற்கப்புறம் மறுநாள் காலை முதலில் போவது வரை ஒரு சொட்டு வீணாகாமல் கேனில் சேர வேண்டும். தண்ணீர் எப்போதும் குடிக்கிற மாதிரியே குடிக்கலாம் என்றும் சொன்னார். அது அண்ணிக்குச் சொன்னது என்று நான் எடுத்துக்கொண்டேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அண்ணன் வீட்டிலேயே பிடித்தோம். நான் விடுவேனா? இளநீர், மோர், தர்பூசணி, பார்லிக் கஞ்சி, போதாததற்குச் சொம்பு சொம்பாகத் தண்ணீர். கேனில் மட்டம் ஏற ஏற எனக்குள் ஒரு கொண்டாட்டம். அண்ணியோ காலையில் பூசைக்குப் போனவர் பாதியில் எழுந்து வியர்க்க விறுவிறுக்க வீட்டுக்கு ஓடிவந்தார். "கோயில்ல போயிட்டா கணக்கு கெட்டுடும்ல?" என்றபடியே குளியலறைக்குள் நுழைந்தார். அவ்வளவு ஓட்டம் ஓடியும் சாயங்காலம் அவர் கேனில் பாதிகூட இல்லை. என் கேன் கழுத்து வரை நின்றது. டயாலிஸிஸ் செய்துகொண்டிருந்த அண்ணனுக்கோ தண்ணீர் அளந்துதான் கொடுக்க வேண்டும். அவர் உலர்ந்த உதட்டோடு நான் குடிப்பதையே பார்த்துக்கொண்டிருந்தார். "எனக்கும் சேத்து நீயே குடி பாப்பா" என்றார். அந்த ஒரு வார்த்தை போதும், இன்னொரு கேனும் நிரப்பியிருப்பேன்.

முடிவு வந்த அன்று டாக்டர் ஒரு தாளை எடுத்து எங்களுக்கு முன்னாலேயே கணக்குப் போட்டார். ரத்தத்தில் கிரியாட்டினின் என்று ஒரு கழிவு இருக்கிறது. ஒரு மில்லி சிறுநீரில் அது எவ்வளவு என்று பார்த்து, மொத்த அளவால் பெருக்க வேண்டும். அதை ரத்தத்தில் இருக்கிற அளவால் வகுத்து, ஒரு நாளின் நிமிஷங்களால் மறுபடி வகுத்தால், நிமிஷத்துக்கு எவ்வளவு ரத்தத்தைக் கிட்னி சுத்தம் செய்கிறது என்று தெரிந்துவிடும். அண்ணி கேனில் இருந்தது கொஞ்சம், ஆனால் கெட்டியானது. என்னுடையது வெறும் தண்ணீர். பெருக்கி வகுத்துப் பார்த்தால் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்று. "ரசத்துல தண்ணி ஊத்தினா உப்பு கூடுமாம்மா?" என்று சிரித்தார் டாக்டர். எனக்கு மூக்குடைந்துபோயிற்று.

அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. "ரெண்டு பேருமே குடுக்கலாம். வீட்டுல பேசி முடிவு பண்ணுங்க" என்றார். பேசுவதற்கு வீடு வரைக்கும் அண்ணன் போகவில்லை. "பாப்பா வேணாங்க. சின்னப் புள்ளைங்க இருக்குது. அத போயி அறுக்கக் கூடாது. எங்க வூட்டுக்காரம்மா குடுக்கும்." அண்ணி உடனே தலையாட்டினார். எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. அண்ணனுக்கு என்ன ஆகுமோ என்று பயந்து அழுகிறேன் என்று நினைத்து நர்ஸ் என் முதுகைத் தடவிக்கொடுத்தார். அன்றிலிருந்து அண்ணன் உடம்புக்குள்ளேயே அண்ணி குடியிருக்கிறார். நான் வேப்பூரிலிருந்து பஸ் ஏறி வந்து பார்த்துவிட்டுப் போகிறேன்.

இன்று காலை குளியலறையில் குனிந்து இரண்டு கேனையும் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தேன். வாசலில் அண்ணி.

"இன்னாம்மா, யாருது கூட இருக்குதுன்னு பாக்கிறியா?"

இத்தனை வருஷம் அடக்கியது வாயில் வந்துவிட்டது. "என்னத்த கூட, கொறச்சல்? எங்கண்ணன் என்ன வேணாம்னுட்டு உங்களுதத்தான வாங்கிக்கினாரு."

அண்ணி சிரிப்பார் என்று நினைத்தேன். அவர் ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே நின்றார். "உன்ன அறுக்கக் கூடாதுன்னு சொன்னாரே, அத என்னப் பாத்து சொன்னாரா? குடுக்கத்தான் நின்னேன், இல்லேங்கல. ஒப்புக்காவது ஒரு தரம் வேணாம்னு சொல்லிட்டு வாங்கியிருக்கலாம்ல? எனக்கு இருக்காதா?"

அவருக்கும் என்மேல் வயிறு எரிந்திருக்கிறது என்பது இன்றுதான் எனக்குத் தெரிகிறது. அதுவும் நான் எதை நினைத்து அழுதேனோ, அதே வார்த்தைக்காக.

லேபுக்கு ஆட்டோவில் கிளம்பினோம். நடுவில் அண்ணன், இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அண்ணி. எப்போதும்போல அண்ணனுடைய கேனை என் மடியில் வைத்துக்கொண்டேன். ரயில்வே கேட்டில் வண்டி நின்றபோது அண்ணி கையை நீட்டினார்.

"அத இப்படிக் குடு. என்னுத நீ வச்சிக்க."

"உங்களுது உங்ககிட்டயே இருக்கட்டும் அண்ணி."

"அதுவும் என்னுதுதான்."

கேனின் கைப்பிடியைப் பிடித்து இழுத்தார். நான் மூடியை அழுத்திக்கொண்டேன். "மூடி தெறந்துக்கப் போவுது, உடுங்க ரெண்டு பேரும்!" என்று அண்ணன் நடுவில் கத்தினார். அண்ணி விடவில்லை. நானும் விடவில்லை.