முதல் நாள் வாசிக்கக் கூடாது

கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிறவளுக்கு ராக் பேண்டில் என்ன வேலை என்று கேட்காதவர்கள் குறைவு. கேட்டவர்களுக்கெல்லாம் அவள் ஒரே பதில்தான் வைத்திருந்தாள். "பகல்ல கண்ணு, சாயங்காலம் காது." அதற்கு மேல் பேச்சை வளர்க்க மாட்டாள்.

அவளுக்கு எல்லோரும் வைத்திருந்த பெயரும் கண்ணாடிதான். கடையில் சேர்ந்ததால் வந்த பெயர் இல்லை. எழுத்துக் கூட்டிப் படிக்கிற வயதிலேயே சோடாபுட்டி போட்டவள். அண்ணன் வைத்த பட்டப்பெயர், பசை போட்ட மாதிரி ஒட்டிக்கொண்டது. பெயருக்கேற்ற வேலை பிறகு தானாக வந்து சேர்ந்தது, அவ்வளவுதான்.

கடையின் பின்னறையில் அவளுக்கென்று ஒரு சக்கரம். சக்கரம் சுற்றும், அதன்மேல் தண்ணீர் சொட்டிக்கொண்டே இருக்கும், லென்ஸின் ஓரத்தை அதில் பிடிக்க வேண்டும். ஃபிரேமுக்குப் பொருந்துகிற அளவு வந்ததும் தேய்கிற சத்தம் ஒரு இழை மெலியும். அந்த மெலிவைக் கேட்டதும் கையை எடுத்துவிடுவாள். சாயங்காலம் கடையை விட்டு இறங்கியதும் தன் கண்ணாடியைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டுதான் நடப்பாள். தெருவிளக்கெல்லாம் ஊதிப் பெரிதாகிக் காற்றில் மிதக்கும்; எதிரே வருகிறவர்களுக்கு முகம் இருக்காது, செருப்புச் சத்தம் மட்டும்தான் இருக்கும். பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிற அவள் கணவருக்கு இந்தப் பழக்கம் பிடிக்கவே இல்லை. "ஒரு நாள் என் பஸ்ஸுலயே வந்து முட்டப் போற பாரு," என்பார். அவள் சிரித்துக்கொண்டே, "ஹாரன் அடிங்க, விலகிக்கிறேன்," என்பாள்.

அந்த மங்கல் நடை போய் முடிகிற இடம் ஒரு ஐஸ் கம்பெனி. கீழே பாளம் பாளமாக ஐஸ் உறைகிற தொட்டிகள், ஓரத்தில் பெரிய கம்ப்ரஸர். மேலே இரும்புப் படி ஏறினால், தலை இடிக்கிற உயரத்தில் முழு மாடியும் இல்லாமல் தரையும் இல்லாமல் ஓர் இடம். பேண்டுக்குப் பெயரும் அதுதான்: பாதிமாடி. ஐஸ்கார முதலாளி அந்த இடத்தைச் சும்மாதான் விட்டுக்கொடுத்திருந்தார். சாயங்கால லாரி பாரம் ஏற்றிக்கொண்டு போகும்வரை ஒரு சத்தமும் வரக்கூடாது, அது ஒன்றுதான் நிபந்தனை. கோடை காலத்திலும் அங்கே ஸ்வெட்டர் போட்டுக்கொண்டுதான் வாசிப்பார்கள். பேசினால் வாயிலிருந்து புகை வரும். கீழேயிருந்து கம்ப்ரஸரின் ரீங்காரம் பலகை வழியாக ஏறி, உள்ளங்கால் வழியாக உடம்புக்குள் வரும்.

அந்த ரீங்காரத்தை முதலில் காதில் வாங்கியவன் அண்ணன்தான். பேண்டை ஆரம்பித்தவன், கிட்டார் வாசிப்பவன். "இந்த மெஷின்தான் நம்ம பேண்டுல மூத்த ஆளு. இது பாடுற சுருதிக்கு நாம இறங்கணும்," என்றான். அப்போது புதிதாக வந்த டிரம்ஸ்காரன் ஓட்டைவாய். நிறுத்தாமல் பேசுவான். அவன் வாயை அடைப்பதற்காகவே அண்ணன் ஒரு சட்டம் போட்டான். புதிதாக வருகிறவர் முதல் நாள் வாசிக்கக் கூடாது. மூலையில் கவிழ்த்துப்போட்ட ஐஸ் டப்பா மேல் உட்கார்ந்து மெஷினை மட்டும் கேட்க வேண்டும். கேட்டுவிட்டுத் தன் காதில் விழுந்த சுருதியை முனக வேண்டும். அவர் எப்படி முனகினாலும் சரி, மற்றவர்கள் தங்கள் கம்பிகளை அதற்குத் திருப்பிக்கொள்ள வேண்டும். விளையாட்டாகப் போட்ட சட்டம் வேதவாக்கு ஆகிவிட்டது. ஒருவர் காது போல் இன்னொருவர் காது இருக்குமா? ஒவ்வொரு புது ஆள் வரும்போதும் பேண்டின் சுருதி மயிரிழை ஏறியது, மயிரிழை இறங்கியது. வேறு எவனோடும் சேர்ந்து வாசிக்க முடியாத பேண்டு என்று மற்ற பேண்டுக்காரர்கள் தலையில் அடித்துக்கொண்டார்கள்.

சரி, கதைக்கு வருவோம். அண்ணனுக்குக் கப்பலில் இன்ஜின் அறை வேலை கிடைத்தது. கிளம்புகிற அன்று பாதிமாடியின் படியில் உட்கார்ந்து தங்கையிடம் சொன்னான். "ஆறே மாசம். வந்துடறேன். அதுவரைக்கும் பேண்டை நிறுத்திடாதே. நிறுத்திட்டா நான் எங்க வர்றது?" அவள் தலையை ஆட்டினாள். பின்னால் அவள் வாசித்த பேஸ் கிட்டாரைத் தோளில் மாட்டக்கூடத் தெரியாத வயது அப்போது. ஆறு மாதம் ஒரு வருஷமாயிற்று, வருஷம் வருஷங்களாயிற்று. ஏதோ ஒரு துறைமுகத்தில் கல்யாணம் செய்துகொண்டான், அது நிலைக்கவில்லை, மறுபடி கப்பல். ஆறு மாதம் என்று சொன்ன மனுஷன் இப்படியா செய்வது? ஆனால் அவள் ஒரு நாளும் கோபித்துக்கொள்ளவில்லை. அவளுக்குப் பதிலாக நாம்தான் கோபித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

பேண்டு என்றால் சும்மாவா? ஆள் வருவதும் போவதுமாகத்தான் இருந்தது. ஓட்டைவாய் டிரம்ஸ்காரன் மாமனார் வீட்டோடு போய்விட்டான். ஊதுகுழல் வாசித்த பல் டாக்டர், தன் பல்லே ஆட ஆரம்பித்ததும் விலகினார். வயலின்காரி ஒருத்தி வந்தாள். மூன்றாம் வாரமே, "நான் ஒழுங்கான பாட்டு வாசிக்கணும்," என்று கும்பிடு போட்டுவிட்டுப் போனாள். தண்ணீர்க் குழாயை அடித்து வாசித்த ஒருவர் இருந்தார், தட்டச்சு யந்திரத்தை வாசித்த ஒருவரும் இருந்தார். ஒரு கல்லூரியில் கச்சேரி நடந்தது. முக்கால் மணி நேரம் ஒரே சுரத்தை இழுத்து இழுத்து வாசித்து முடித்ததும் முதல் வரிசைப் பெரியவர் பக்கத்தில் இருந்தவரிடம், "ட்யூன் பண்ணி முடிச்சுட்டாங்க போல, இனிமே ஆரம்பிப்பாங்க," என்றார். ஒரு நாற்காலிக் கடைத் திறப்பு விழாவுக்கு வாசிக்கக் கூப்பிட்டார்கள். வந்த வாடிக்கையாளர்கள் புது நாற்காலிகளில் அப்படியே சாய்ந்து தூங்கிவிட்டார்கள். கணவர் மட்டும் அன்றைக்கு மெச்சிக்கொண்டார். "உங்க பாட்டுக்கு இதுதான் சரியான இடம். படுக்கைக் கடையிலயும் கேட்டுப் பாரு."

ஆனால் கேட்கத் தெரிந்தவர்கள் கேட்டார்கள். பாதிமாடியின் ஒலிநாடாவைப் போட்டுக்கொண்டுதான் தூக்கம் வருகிறது என்று சொன்னவர்கள் உண்டு. கேட்டால் யாரோ பக்கத்து அறையில் இருக்கிற மாதிரி தோன்றுகிறது, தனியாக இருப்பது போலவே இல்லை என்று ஒருத்தி கடைக்கே வந்து சொல்லிவிட்டுப் போனாள். கண்ணாடிக்கு அன்று முழுக்கக் கால் தரையில் பாவவில்லை.

அண்ணன் எப்போதாவது போன் செய்வான். பின்னால் கடலும் இன்ஜினும் இரைந்துகொண்டிருக்கும்.

"பேண்டு இருக்கா?"

"இருக்குண்ணா."

"டிரம்ஸ் எப்படி?"

"நல்லா இருக்கு."

"மெஷின்?"

"ஓடிட்டுதான் இருக்கு."

ஒன்றும் பொய்யில்லை. டிரம்ஸில் எப்போதும் யாரோ ஒருவர் நன்றாகத்தான் இருந்தார். கீழே ஒரு மெஷின் ஓடிக்கொண்டுதான் இருந்தது. ஆனால் பழைய கம்ப்ரஸர் ஒரு மழைக்காலத்தில் படுத்துவிட்டது என்பதை அவள் சொல்லவில்லை. புது மெஷின் வந்து ஓடிய முதல் சாயங்காலம், பாதிமாடியில் உள்ளங்காலுக்குள் ஏறிய ரீங்காரம் அரை சுருதி மேலே இருந்தது. அன்று அவள் கிட்டாரைக் கையால் தொடவில்லை. ஸ்வெட்டருக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். அதே வாரம்தான் கீபோர்டுக்குக் கணக்கு டீச்சர் வந்து சேர்ந்தார். ஐஸ் டப்பாவில் உட்கார்ந்து, புது மெஷினைக் கேட்டு, உயரத்தில் முனகினார். எல்லோரும் கம்பியை முறுக்கினார்கள். அவளும் முறுக்கினாள்.

ஆளெல்லாம் போய், பாட்டெல்லாம் மாறி, மெஷினும் மாறிவிட்டது என்று தெரிந்தால் அண்ணன் திரும்பி வருவானா? வந்தாலும், இது என் பேண்டு என்று சொல்வானா? அவன் இல்லை என்று சொல்லிவிட்டால் இத்தனை வருஷமும் அவள் எதைக் கட்டிக் காத்தாள்? அந்தப் பயத்தில்தான் போனில் "இருக்குண்ணா" என்பதோடு நிறுத்திக்கொண்டாள்.

கடைசியில் ஒரு நாள் அவன் வந்தே விட்டான். சொல்லாமல் கொள்ளாமல், ஒரு பையும் கிட்டார் பெட்டியுமாக வாசலில் நின்றான். கணவர்தான் கதவைத் திறந்தார்; போட்டோவில் மட்டுமே பார்த்த ஆளைக் கிட்டார் பெட்டியை வைத்தே கண்டுகொண்டார்.

"வாங்க மச்சான். ஆறு மாசம் ஆயிடுச்சா?"

"கொஞ்சம் லேட் ஆயிடுச்சு மாப்ளே," என்றான் அண்ணன். இரண்டு பேரும் சிரித்தார்கள். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. அவன் தலையில் கறுப்பு என்று ஒன்று இல்லவே இல்லை. சாப்பிட்டு முடிக்கும்வரை பொறுக்கவில்லை அவனுக்கு. "இன்னிக்குப் போகலாமா?" என்றான்.

லாரி போனதும் இருவரும் இரும்புப் படி ஏறினார்கள். அவன் கிட்டார் பெட்டியைத் தூக்கிக்கொண்டு முன்னால் போனான். அவள் பின்னால், எப்போதும் போல் கண்ணாடியைக் கழற்றிவிட்டு. மேலே டிரம்ஸில் மருந்துக்கடைக்காரர், கீபோர்டில் கணக்கு டீச்சர், கிட்டாரில் குழாய் ரிப்பேர் பார்க்கிறவன். அண்ணன் ஒவ்வொரு முகமாகப் பார்த்தான்.

"மத்தவங்கல்லாம் எங்க?"

"இவங்கதான்ணா எல்லாரும்," என்றாள். குரல் அவளுக்கே கேட்கவில்லை.

அவர்கள் வாசித்தார்கள். அவன் சுவரில் சாய்ந்து நின்று கேட்டான். வாசிப்பு முடிந்தபோது அவன் முகம் அவளுக்கு வெறும் வெள்ளை மங்கலாகத்தான் தெரிந்தது. பையில் இருந்த கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொள்ள அவளுக்குத் துணிவு வரவில்லை.

"நல்லா இருக்கு," என்றான் மெதுவாக. "ஆனா, இதுல எதுவும் எனக்குத் தெரியல. நாங்க வாசிச்சது ஒண்ணுகூட இல்ல."

அவ்வளவுதான். அவள் பயந்த வார்த்தையேதான். அண்ணன் குனிந்து பெட்டியைக் கையில் எடுத்தான். படியிறங்கத்தான் எடுத்தானோ, திறக்கத்தான் எடுத்தானோ, அவனைக் கேட்டால்தான் தெரியும். அதற்குள் கணக்கு டீச்சர் குறுக்கே புகுந்துவிட்டார். அவருக்கு இவர் யாரென்று யாரும் சொல்லவில்லை; கீபோர்டு வயரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தவர் காதில் அண்ணன் தங்கை பேச்சும் விழவில்லை. பெட்டியோடு வந்திருக்கிறார், புது ஆள்தான் என்று நினைத்துக்கொண்டார். வகுப்பில் பேசுகிற அதே தோரணையில் சொன்னார்.

"சார், கிட்டாரை வெளிய எடுக்காதீங்க. எங்க வழக்கம் ஒண்ணு இருக்கு. முதல் நாள் வாசிக்கக் கூடாது. அந்த டப்பாமேல உக்காருங்க. கையை மடியில போடுங்க, காதை மட்டும் கடை திறந்து வையுங்க."

அண்ணன் அப்படியே நின்றுவிட்டான். காதைக் கடை திறந்து வை என்பது அவன் அந்த ஓட்டைவாயிடம் சொன்ன சொல். தங்கை யாரிடமோ சொல்லி, அவர் இன்னொருவரிடம் சொல்லி, பல் டாக்டரும் வயலின்காரியும் சொல்லி, ஒரு எழுத்து பிசகாமல் இந்த அம்மாள் வாய்க்கு வந்து சேர்ந்திருக்கிறது. அவன் தங்கையைப் பார்த்தான். அவள் தரையைப் பார்த்தாள்.

"சரிங்க டீச்சர்," என்றான். பெட்டியைச் சுவரோரம் வைத்துவிட்டு, டப்பாமேல் உட்கார்ந்து, கையை மடியில் போட்டுக்கொண்டான்.

எல்லோரும் அடங்கினார்கள். கீழே மெஷின் பாடிக்கொண்டிருந்தது. யாரோ மூச்சு விட்டதில் புகை எழுந்து விளக்கின் கீழே கலைந்தது. அண்ணன் கண்ணை மூடிக்கொண்டு வெகுநேரம் இருந்தான். பிறகு முனகினான்.

பழைய சுருதி. அரை சுருதி கீழே, அந்த மழைக்காலத்துக்கு முந்தைய மெஷினின் சுருதி. கடலில் எந்த இன்ஜினுக்குப் பக்கத்தில் படுத்துத் தூங்கியிருந்தாலும், எந்த ஊர்க் காற்றைக் கேட்டிருந்தாலும், அவன் காதுக்குள் இத்தனை வருஷமும் ஓடிக்கொண்டிருந்தது அந்த ஒன்றுதான்.

குழாய்க்காரன் முகத்தைச் சுளித்தான். "அண்ணே, மெஷின் அப்படிப் பாடலையே. காது கொஞ்சம் மந்தமா?"

"அவருக்குக் கேக்கறது அதுதான்," என்றாள் கண்ணாடி. "புதுசா வர்றவங்க என்ன முனகினாலும் அதுதான் சுருதி. இறக்குங்க."

"எல்லாக் கம்பியையுமா?"

"எல்லாத்தையும்."

முதலில் அவள்தான் இறக்கினாள். முறுக்காணியைத் திருப்பத் திருப்ப, தடித்த கம்பி தளர்ந்து தளர்ந்து, பல வருஷத்துக்கு முன் விட்டுவிட்டு வந்த இடத்துக்குப் போய்ச் சேர்ந்தது. லென்ஸ் சக்கரத்திலிருந்து கையை எடுக்கிற மாதிரி சரியான நொடியில் விரலை எடுத்தாள். டீச்சர் கீபோர்டின் பக்கவாட்டில் இருந்த குமிழைத் திருகினார். குழாய்க்காரன் முணுமுணுத்துக்கொண்டே இறக்கினான். எல்லோரும் சேர்ந்து அந்த ஒரே சுரத்தை வாசித்தபோது, அது கீழே ஓடுகிற புது மெஷினோடு ஒட்டவில்லை. இரண்டுக்கும் நடுவில் ஓர் அதிர்வு எழுந்து, பலகையெல்லாம் படபடத்தது. யாரும் நிறுத்தவில்லை. மருந்துக்கடைக்காரர் அந்த அதிர்வுக்கு ஏற்றமாதிரி மெல்லத் தட்ட ஆரம்பித்தார்.

வாசித்துக்கொண்டே அவள் ஒரு கையால் பையைத் துழாவி, கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டாள். அண்ணன் தெளிவாகத் தெரிந்தான். தாடையில் கண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. துடைக்கவில்லை, கை மடியை விட்டு அசையவே இல்லை. கால் கட்டைவிரல் மட்டும் தாளம் போட்டுக்கொண்டிருந்தது.

முடிந்து எல்லோரும் வயரைச் சுருட்டுகிறபோது டீச்சர், "நல்ல காதுதான் சார். என்ன, கொஞ்சம் கீழ கேக்குது, அவ்வளவுதான்," என்றார்.

"வயசாயிடுச்சு டீச்சர்," என்றான் அவன். பிறகு தங்கையிடம் திரும்பினான். "என்னைச் சேத்துக்குவியா?"

"அதை அவங்களும் சொல்லணும். நாளைக்கு வா, வாசிச்சுக் காட்டு."

"எத்தனை மணிக்கு?"

"லாரி போனதும்," என்றாள்.