இத்தாவில் தள்ளுபடியான மனு

எங்கள் வீட்டு வாசற்கதவின் இரும்புத் தாழ்ப்பாள் போடும்போது கிறீச்சிடும். அத்தா மௌத்தாகி அடக்கம் செய்த பிறகு அந்தச் சத்தத்தைக் கேட்டால்தான் அம்மாவுக்கு மூச்சே வரும். விருத்தாசலத்தில் பீங்கான் சூளைகளுக்குப் பின்தெருவில் இருக்கும் இந்த வீடு தன்னுடையது, காலி செய்யுங்கள் என்றார் அத்தாவின் அண்ணன், என் பெரியத்தா. எங்களை வெளியேற்றக் கூடாதென்று அம்மா மனுப் போட்டார். கோர்ட்டு இடைக்காலத் தடை கொடுத்தது. இரு தரப்பும் சமரசம் பேச நேரில் வர வேண்டும் என்றும் உத்தரவிட்டது.

அம்மா அப்போது இத்தாவில் இருந்தார். கணவனை இழந்தவள் அந்தச் சில மாதங்கள் வாசற்படி தாண்டுவதில்லை என்பது எங்கள் பக்கத்து வழக்கம். வக்கீலம்மா போனில், “கட்டாயம் வந்துடுங்க” என்றபோது அம்மா, “சரிங்க” என்றார். படித்தவர்களிடம் முடியாது என்று சொல்லி எங்கள் வீட்டில் யாருக்கும் பழக்கமில்லை. சரி என்று சொல்லிவிட்டுப் போகாமல் இருந்துவிடுவோம், அதுதான் எங்களுக்குத் தெரிந்த மரியாதை. அடுத்த வாய்தாவுக்கும் அப்படியே. அவசியத்துக்குப் பகலில் போய் வரலாம் என்று பள்ளிவாசல் ஹஜ்ரத் பின்னால் சொன்னார். முன்னாலேயே அவரிடம் கேட்க யாருக்கும் தோன்றவில்லை. உத்தரவைப் பின்பற்றவில்லை என்று மனு தள்ளுபடியானது. தடையும் அதோடு போயிற்று.

அதன் பிறகு பட்ட பயத்தை எப்படிச் சொல்வது? தெருவில் பைக் நின்றால் ஓடிப்போய்த் தாழ்ப்பாளைப் போடுவோம். சாமான்களைத் தூக்கி வெளியே எறிய ஆள் வந்துவிட்டது என்றே நினைப்போம். வக்கீலம்மா வீட்டுக்கே வந்து, “ஒரு வார்த்த சொல்லியிருக்கக் கூடாதா?” என்று தலையில் அடித்துக்கொண்டார். இத்தாவைக் காரணம் காட்டி, தள்ளுபடியான மனுவைத் திரும்பக் கோப்பில் எடுக்கக் கேட்கும் புது மனுவில் அங்கேயே கையெழுத்து வாங்கினார். ஹஜ்ரத் சொல்லியும் இத்தா முடியாமல் படி தாண்ட அம்மாவுக்கு மனம் வராததால், கோர்ட்டுக்கு அவருக்குப் பதில் நான் போனேன்.

இத்தா என்பதெல்லாம் வெறும் சாக்கு என்றார் எதிர்த்தரப்பு வக்கீல். நீதிபதி பெரியத்தாவைப் பார்த்து, “ஒங்க தம்பி சம்சாரம் இத்தாவுல இருந்தாங்களா?” என்று கேட்டார். அவர் இல்லை என்று சொன்னால் அன்று மாலையே நாங்கள் தெருவில். பெரியத்தா தொப்பியைச் சரிசெய்துகொண்டார். அவருடைய வக்கீல் சட்டையைப் பிடித்து இழுப்பதைக் கண்டும் காணாதவர்போல், “இருந்தாங்க. இன்னும் இருக்காங்க. வாசலுக்குக்கூட வர்றதில்லீங்க” என்றார்.

மனு உயிர் பெற்றது, தடையும் திரும்பக் கிடைத்தது. வழக்கு இன்னும் வாய்தாவில்தான் இருக்கிறது. போன வாரம் வாசலில் பைக் நின்றது. ஜன்னல் வழியே பார்த்தால் பெரியத்தா. என் கை தானாகத் தாழ்ப்பாளுக்குப் போயிற்று.

“தொறந்து வுடும்மா,” என்றார் அம்மா. “எனக்கும் பயமாத்தான் இருக்குது. ஆனா அன்னைக்கு அவரு பொய் சொல்லியிருந்தா, தாப்பா போட நமக்கு ஏது வூடு?”